சிரிப்புக்குப் பிறகு ஜெயவேலு சொன்னது

பாப்பா,

நடுவில் எங்கும் வெட்டாமல் இதைக் கடைசி வரை படித்துவிடு. போனில் சொல்லிவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனால் போனை எடுத்தால் நான் சாப்பிட்டாயா, தூங்கினாயா, வீட்டுக்காரர் மோட்டார் போட்டாரா என்று கேட்டு முடிப்பதற்குள் உனக்கு வேறு யாராவது கூப்பிட்டுவிடுவார்கள். அதோடு, முக்கியமான விஷயம் வாய்க்கு வரும்போது என் வாயிலிருந்து ஜோக்குதான் வரும். உன் அம்மா அதை வியாதி என்கிறாள். எழுதுவதில் ஒரு வசதி உண்டு. ஜோக் வந்தால் பேனாவை மூடிவைத்து, எழுந்து போய் ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டு வரலாம். இந்தப் பத்தி முடிவதற்குள்ளேயே எனக்கு வயிறு நிறைந்துவிட்டது.

திங்கட்கிழமை நீ புது வேலையில் சேரப்போகிறாய் என்று அம்மா சொன்னாள். விளம்பரப் படம் செய்கிற கம்பெனி, மாசமானால் சம்பளம், கழுத்தில் அட்டை, ஏ.சி. ரூம். இத்தனை வருஷமாக நான் கேட்டுக்கொண்டிருந்தது இதைத்தான். தெருவுக்கே லட்டு கொடுத்திருக்க வேண்டிய ஆள் நான். ராபர்ட்சன்பேட்டை மார்க்கெட் வரைக்கும் போகவும் போனேன். ஸ்வீட் கடை வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். கடைக்காரன் என்ன வேண்டும் என்று கேட்டதற்கு, மிக்சர் கால் கிலோ என்று சொல்லி வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். அம்மா பொட்டலத்தைப் பிரித்துப் பார்த்தாள். டப்பாவில் கொட்டி மூடி வைத்தாள். இந்த வேலைக்கு நீ எதனால் போகிறாய் என்று எங்கள் இரண்டு பேருக்கும் தெரியும். சம்பளத்துக்காக இல்லை. நம்ம ரயில் ஜனங்களைப் பற்றி நீ செய்த அந்தப் படத்தால். அந்தப் படம் கெட்டதற்குக் காரணம் யார் என்பதில்தான் உனக்கும் எனக்கும் கணக்கு வேறு. அதை நேர் செய்யத்தான் இத்தனை எழுத்து.

உன் தொழில் என்னவென்று எனக்குப் புரியவே ரொம்ப நாள் ஆனது. எஸ்.எஸ்.எல்.சி.யை இரண்டு தவணையில் முடித்தவனிடம் வேறு என்ன எதிர்பார்ப்பாய்? எடிட்டர் என்றால் பேப்பரில் எழுத்துப் பிழை பார்க்கிறவர், சினிமா எடிட்டர் என்றால் முத்தக் காட்சியை எடுத்துவிடுகிறவர், இவ்வளவுதான் என் ஞானம். ஒரு நாள் ஃபேக்டரி விட்டு, ஸ்டோர்ஸ் சாவியை ஒப்படைத்துவிட்டு, ஊருக்கு ரயில் ஏறாமல் நேராக உன் ரூமுக்கு வந்தேன். நினைவிருக்கிறதா? உன் கம்ப்யூட்டரில் ஒரு அம்மாள் தண்ணீர்க் குடத்தைத் தூக்கி இடுப்பில் வைக்கிறாள். மறுபடியும் தூக்கி வைக்கிறாள். மறுபடியும். மிஷின் மாட்டிக்கொண்டது என்று நினைத்து, ஆஃப் பண்ணி ஆன் பண்ணச் சொன்னேன். நீ திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னாய். குடத்தை வைத்த பிறகு அந்த அம்மாள் ஒரு மூச்சு விடுகிறாள். அந்த மூச்சுக்கு முன்னால் வெட்டினால் அவள் தண்ணீர் எடுக்கிற ஒருத்தி. மூச்சுக்குப் பின்னால் வெட்டினால் அவள் களைத்துப்போன ஒருத்தி. எங்கே வெட்டுவது என்று மதியத்திலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன் என்றாய். எனக்குத் தலை சுற்றியது. ஒரு மூச்சுக்கு ஒரு மத்தியானமா, இதற்குப் பேர் வேலையா என்று மனசுக்குள் கேட்டுக்கொண்டு, நீ போட்டுக்கொடுத்த மேகியைத் தின்றுவிட்டு வந்தேன்.

அதே அம்மாளை நாம் நேரில் பார்த்தோம். தீபாவளிக்கு நீ வந்தபோது பங்காரப்பேட்டை ஸ்டேஷனில் வண்டி மாறக் காத்திருந்தோம். கூடையோடு உட்கார்ந்திருந்த ஒரு அம்மாளைப் பார்த்து நீ முகமெல்லாம் சிரித்தாய். கிட்டே போய், முழங்கால் வலி எப்படி இருக்கிறது என்று கன்னடத்தில் கேட்டாய். அந்த அம்மாள் உன்னை ஏற இறங்கப் பார்த்துக் கூடையை இழுத்துத் தன் பக்கம் வைத்துக்கொண்டாள். எனக்கு மானம் போயிற்று. திரும்பி வந்து, பூதிகோட்டைக்காரம்மா, நாலு மாசம் இவங்களோடதான்பா இருந்தேன், இவங்களுக்குத்தான் என்னைத் தெரியாது என்று சொல்லிச் சிரித்தாய். நான் அப்போது என்ன சொன்னேன் தெரியுமா? நன்றாகப் படிக்க வைத்து, கடைசியில் பிள்ளை பிடிக்கிறவள் மாதிரி ஆகிவிட்டாயே என்றேன். அவ்வளவு பெரிய விஷயத்தைச் சொல்கிறாய், அதற்கு என் பதில் அது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். குடியாத்தத்திலிருந்து உன்னைப் பெண் பார்க்க வந்தவர்கள், பொண்ணு என்ன வேலை பார்க்குது என்று கேட்டார்கள். கம்ப்யூட்டர் என்றேன். சாஃப்ட்வேரா என்றார்கள். அந்தப் பக்கம்தான் என்றேன். கம்ப்யூட்டரில்தானே வேலை செய்கிறாய், பொய் இல்லையே என்று எனக்கு நானே சமாதானம். அவர்கள் போன பிறகு நீ கோபப்படவில்லை. காபி டம்ளர்களை எடுத்து அடுக்கிக்கொண்டே, "அவ்ளோ நேரம் என்னைப் பத்தியே பேசுனீங்க. அதுல ஒரு எடத்துலயும் நான் இல்லப்பா" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாய். நான் வழக்கம்போல ஒரு ஜோக் தேடினேன்.

இப்போது ஜெயவேலு விஷயத்துக்கு வருகிறேன்.

தங்கச் சுரங்கத்தை மூடி ஊரில் வேலை இல்லாமல் போன பிறகு நம்ம ஜனம் பாதி விடிகாலை ரயிலில்தான் பிழைக்கிறது. உன் தாத்தா நந்திதுர்க் சுரங்கத்தில் கேஜ் கூண்டில் இறங்கிப் போனார், நான் மாரிக்குப்பம் வண்டியில் ஏறிப் போனேன். இரண்டும் ஷிஃப்டுதான். எங்கள் பெட்டியில் இருபது வருஷமாக ஒரே கூட்டம். ஒருவரை ஒருவர் கேலி செய்துகொள்ளாவிட்டால் பெங்களூர் வரைக்கும் அந்தத் தூரம் யாருக்கும் தாங்காது. ஜெயவேலுவுக்கு நாங்கள் வைத்த பேர் எம்.டி. பெரிய கம்பெனி ஒன்றில் அட்மின் என்று சொல்லிக்கொண்டு, சட்டையை இன் பண்ணிக்கொண்டு, பையை மடியில் வைத்துக்கொண்டு உட்காருவான். நான் போகலன்னா அந்த ஆபீஸே நடக்காது என்பான். உடனே நான், எம்.டி. சார், எங்களுக்கும் ரெண்டு வேலை போட்டுக் குடுங்க என்பேன். பெட்டியே சிரிக்கும். அவனும் சிரித்துக்கொண்டே, பயோடேட்டா குடுத்துட்டுப் போங்க என்பான். சின்ன வயசில் என் கூட ஏறி வந்த நாட்களில் நீயும் அந்தச் சிரிப்பைக் கேட்டு வளர்ந்தவள்தான். ஊருக்குத் திரும்பும்போது அவன் வாங்கித் தந்த வேர்க்கடலை எத்தனை தின்றிருப்பாய். ஜெயவேலு மாமா என்றால் உனக்கு உயிர்.

உன் டைரக்டர் அம்மா, அந்தப் பூனாக்காரர், இந்த ரயில் ஜனங்களைப் பற்றிப் படம் எடுக்க வந்தபோது, ஊரைத் தெரிந்தவள் என்று உன்னையே எடிட்டராக வைத்துக்கொண்டார். என் சர்வீஸ் முடிகிற சமயம் அது. எங்கள் பெட்டியில் கேமரா வைத்தார்கள். ஜெயவேலு தன் வசனத்தைச் சொன்னான், நான் என் வசனத்தைச் சொன்னேன், பெட்டி சிரித்தது. ஒயிட்ஃபீல்டில் நானும் மற்றவர்களும் இறங்கிவிட்டோம். அதற்கு மேல் அவன் கேமராவிடம் தனியாக என்ன பேசினான் என்று எனக்குத் தெரியாது. நீ அதை நம் வீட்டு டி.வி.யில் போட்டுக் காட்டியபோதுதான் பார்த்தேன்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் நீ டி.வி.யைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாய். ஒவ்வொரு படத்துக்கும் அப்படித்தான். நான் எங்கே நெளிகிறேன், எங்கே கொட்டாவி விடுகிறேன், எங்கே குனிந்து உட்காருகிறேன் என்று பார்த்து வெட்டுவாய். எனக்கு அதில் பெருமை தாங்காது. ஸ்டோர்ஸ்காரனாக இருந்தவனுக்கு ரிடையர் ஆன பிறகு இப்படி ஒரு உத்தியோகம். என் ஜோக் வந்ததும் நானே எல்லோருக்கும் முன்னால் சிரித்தேன். படத்திலும் உரக்கக் கேட்பது என் சிரிப்புதான். அதற்குப் பிறகு ஜெயவேலு வந்தான். பெட்டி காலியாக இருக்கிறது. கதவோரம் நின்றுகொண்டு, முகம் நிறையச் சிரிப்போடு சொல்கிறான். அட்மின் எல்லாம் இல்லை மேடம். காலையில் முதலில் போய்க் கதவைத் திறக்கிறவன் நான். மேஜை எல்லாம் துடைப்பேன், நாற்காலி எல்லாம் நேராகப் போடுவேன், தண்ணீர் பிடித்து வைப்பேன். அவங்க வந்து ஒக்காரும்போது, நேத்து இங்க யாருமே ஒக்காரலன்ற மாதிரி இருக்கணும், அதான் என் வேலை. நான் போகலன்னா அந்த ஆபீஸ் நடக்காதுன்னு சொன்னேனே, அது பொய்யில்ல மேடம், சாவி என்கிட்டதான் கீது. இவ்வளவும் சொல்லிவிட்டு வெளியே பார்க்கிறான். காற்று அவன் முடியைக் கலைக்கிறது.

நான் சிரிக்கவும் இல்லை, நெளியவும் இல்லை. லோகுவுக்குத் தெரியுமா என்று கேட்டேன். தெரியாதுப்பா என்றாய். லோகு அவன் பெண்டாட்டி. அவளிடமும் அட்மின் என்றுதான் சொல்லி வைத்திருக்கிறான். தெரு முழுக்க அப்படித்தான் நம்பிக்கொண்டிருக்கிறோம். இதை வைக்கலாமா வேண்டாமா என்று நீ கேட்டாய். வேண்டாம் என்றேன். ஊர் பூரா தெரிய வேண்டாம், மேஜை துடைக்கிறவன் என்று அவனை எதற்குக் காட்ட வேண்டும், ஜோக்கோடு நிறுத்திவிடு, அவன் ராஜா மாதிரி இருக்கட்டும் என்றேன். நீ உடனே ஒத்துக்கொள்ளவில்லை. அவர் தெரிஞ்சுதான் சொல்லியிருக்காருப்பா என்றாய். நான் கேட்டேனா? கேமராவைப் பார்த்த மயக்கத்தில் உளறிவிட்டான், நாம்தான் அவன் மானத்தைக் காப்பாற்ற வேண்டும் என்றேன். அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்து, அவரையே ஒரு வார்த்தை கேட்டா என்ன என்றாள். கேட்டால் அவன் கூச்சப்படுவான் என்று அதற்கும் நானே பதில் சொன்னேன்.

டைரக்டர் அம்மாவுக்கு அந்த இடம்தான் படத்திலேயே பிடித்த இடமாம். அதை வெட்டாதே என்று உன்னிடம் இரண்டு முறை சொன்னாராம். ஆனால் இது உன் ஊர், உன் ஜனம், உனக்குத்தான் தெரியும் என்று விட்டுவிட்டாராம். யோசித்துப் பார். நம்மைத் தெரியாத ஒருத்தி வெட்ட உட்கார்ந்திருந்தால் அதை விட்டு வைத்திருப்பாள். அவனை நன்றாகத் தெரிந்த நாம்தான், அவன் நமக்கு வேண்டியவன் என்பதால்தான், அதை எடுத்தோம்.

மண்டபத்தில் படம் போட்ட சாயங்காலத்தை நான் உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் நீ பின்னால் நின்றிருந்தாய், நான் முன்னால் இருந்தேன். நீ பார்க்காதது ஒன்றை நான் பார்த்தேன். ஜெயவேலு புதுச் சட்டை போட்டு, லோகுவைப் பட்டுப் புடவை கட்டச் சொல்லி, முன் வரிசையில் உட்கார வைத்திருந்தான். மகன், மருமகள், பேரன் எல்லோரும் இருந்தார்கள். திரையில் அவன் வந்ததும் பேரன் தாத்தா என்று கத்தினான். அவன் சொன்னான், நான் சொன்னேன், பெட்டி சிரித்தது, மண்டபமும் சிரித்தது. பெட்டியில் நாங்கள் சிரிக்கும்போது ஒரு மாதிரி, முன்பின் தெரியாத முந்நூறு பேர் சேர்ந்து சிரிக்கும்போது வேறு மாதிரி. பெட்டியில் அவன் பதில் சொல்வான். திரையில் அவன் வாயை நாம் மூடிவிட்டோம். சிரிப்பு அடங்குவதற்குள் ஒயிட்ஃபீல்டு ஸ்டேஷன் வந்துவிட்டது. ஜெயவேலு லோகுவின் கையைப் பிடித்துக்கொண்டு திரையையே பார்த்துக்கொண்டிருந்தான். ஸ்டேஷன் போய், வேறு ஆட்கள் வந்து, வேறு கதை ஓட ஆரம்பித்த பிறகும் அப்படியே பார்த்தான். அப்புறம் கையை விட்டான். படம் முடிந்ததும் நம்மைத் தேடி வந்து, நல்லா கீது பாப்பா என்று உன்னிடம் சொல்லிவிட்டுப் போனான். வீட்டுக்கு வந்து நீ சாப்பிடவில்லை. கடைசி வண்டி பிடிக்க வேண்டும் என்று கிளம்பிவிட்டாய். அதற்குப் பிறகு நீ இந்தப் பக்கம் வரவே இல்லை.

நீ வராததால் மற்றதையும் நான்தான் சொல்ல வேண்டும். தெருப் பிள்ளைகளுக்கு அவன் இப்போது எம்.டி. தாத்தா. பால் ஊற்றுகிறவன் எம்.டி. வீட்டுப் பால் என்கிறான். எங்கள் பெட்டிக்குள்ளேயே இருபது வருஷம் கிடந்த பேரை நாம் எடுத்துக்கொண்டு போய் ஊருக்குக் கொடுத்துவிட்டோம். அவன் எங்கள் பெட்டியில் ஏறுவதை நிறுத்திவிட்டான். கடைசிப் பெட்டிக்குப் போய்விட்டான். கறிவேப்பிலை கேட்டு நம் வீட்டுப் பின்கதவைத் தட்டுகிற லோகு, இப்போது கடையில் வாங்குகிறாள்.

போன வாரம் டைரக்டர் அம்மா எனக்குப் போன் செய்தார். நீ எடுக்கவில்லையாம். அவர் இந்தி பேசினார், நான் இந்தியும் கன்னடமும் கலந்து ஏதோ பேசினேன், கடைசியில் இரண்டு பேரும் தெரிந்த இங்கிலீஷுக்கு இறங்கி வந்தோம். புரிந்தது இதுதான். படம் வெளியூர்களுக்குப் போவதற்கு முன்னால் மாற்ற வேண்டியதை மாற்ற இன்னும் சில நாள் இருக்கிறது. நீ ஒரே ஒரு மாற்றம் சொல்லியிருக்கிறாய். ஜெயவேலுவை மொத்தமாகப் படத்திலிருந்து எடுத்துவிட வேண்டும். அதைச் செய்துகொடுத்துவிட்டு, திங்கட்கிழமையிலிருந்து இந்தத் தொழிலே வேண்டாம். ஒருவரைச் சிரிப்புக்கு ஆளாக்கிவிட்டேன், இனிமேல் யாருடைய முகத்திலும் கை வைக்க மாட்டேன் என்று சொன்னாயாம்.

நான் என்ன செய்தேன் தெரியுமா? நல்லதாகப் போயிற்று என்று நினைத்தேன். ஆள் படத்திலேயே இல்லை என்றால் பேரும் தானாக மறந்துபோகும். இந்த நல்ல சேதியை ஜெயவேலுவிடம் நானே சொல்ல வேண்டும் என்று மறுநாள் விடிகாலையில் குளித்து, வேலைக்குப் போகிறவன் மாதிரி சட்டை மாட்டிக்கொண்டு, சாம்பியன் ஸ்டேஷனில் பங்காரப்பேட்டைக்கு ஒரு டிக்கெட் எடுத்து, கடைசிப் பெட்டியில் ஏறினேன். ஜன்னலோரம் இருந்தான். பை மடியில். என்னைப் பார்த்ததும் நகர்ந்து இடம் கொடுத்தான்.

"இன்னாணா, ரிடையர் ஆனவங்களுக்கும் ஷிஃப்டு போட்டுட்டாங்களா?"

அவனே ஜோக்கில் ஆரம்பித்தது எனக்குத் தெம்பாக இருந்தது. விஷயத்தைச் சொன்னேன். பாப்பா உன்னைப் படத்திலிருந்து முழுசாக எடுத்துவிடப் போகிறாள், இனி உனக்கு ஒரு தொந்தரவும் இல்லை என்றேன். அவன் மடியிலிருந்த பையை நேராக வைத்துக்கொண்டு என் பக்கம் திரும்பினான்.

"எதுக்குணா எடுக்கறது?"

எல்லோரும் சிரிக்கிறார்களே என்றேன்.

"சிரிப்பு எனக்குப் புதுசாணா? இருவது வருசமா சிரிக்கறீங்க. நானுந்தான் சிரிக்கறேன். அது இல்ல. சிரிச்சி முடிச்சதும் நான் பேசுவேன்னு ஒக்காந்துனு இருந்தேன். லோகு கையைப் புடிச்சி, இப்ப பாரு, இப்ப பாருன்னு சொல்லினே இருந்தேன். ஒயிட்ஃபீல்டு வந்துடுச்சி."

பாப்பா, அவன் லோகுவைப் பட்டுப் புடவை கட்டி அழைத்து வந்தது அதற்காகத்தான். இத்தனை வருஷம் வீட்டில் நேருக்கு நேர் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. யாரென்றே தெரியாத ஒரு அம்மாவிடம், ஓடுகிற ரயிலில், எப்படியோ வந்துவிட்டது. சந்தோஷமாகவே வந்துவிட்டது. படத்தில் அதைப் பார்த்து லோகு தெரிந்துகொள்வாள், அப்போது பக்கத்திலேயே தானும் இருக்கலாம் என்று நினைத்திருக்கிறான். நாம் காப்பாற்றினோமே மானம், அதைத்தான் அவன் தன் கையாலேயே இறக்கி வைக்க வந்திருந்தான். உளறவில்லை. நீ சொன்னது மாதிரி, தெரிந்துதான் சொன்னான்.

எடுக்கச் சொன்னது நான்தான், பாப்பா வைக்கத்தான் பார்த்தாள் என்று அவனிடம் சொன்னேன். தலையை ஆட்டினான். திட்டினால் தேவலை என்று இருந்தது. திட்டவில்லை. பங்காரப்பேட்டை வந்தது. நான் இறங்க வேண்டிய இடம். இறங்காமல் உட்கார்ந்திருந்தேன். டிக்கெட் இல்லாமல் பயணம் செய்தது என் வாழ்நாளில் அதுதான் முதல் தடவை, அம்மாவிடம் சொல்லாதே. இவ்வளவும் ஆன பிறகு வீட்டில் நீயே சொல்லிவிட வேண்டியதுதானே, இனிமேல் என்ன கூச்சம் என்று கேட்டேன்.

"சொல்ட்டேன்ணா. படம் பாத்துட்டு வந்தம் பாரு, அன்னிக்கே சொல்ட்டேன். அவ நம்பல. ஜனங்க சிரிச்சது மனசு ஒடைஞ்சிப் போயி, உன்னை நீயே தாழ்த்திப் பேசறேன்னு அழுவுறா. இப்ப நான் எப்படிச் சொன்னாலும் அழுவுற மாதிரியேதான் வருது. அன்னிக்கு நான் சிரிச்சினே சொன்னேன்ணா. அந்த மூஞ்சி பாப்பாகிட்டதான் கீது."

கண்டோன்மெண்டில் இறங்கும்போது பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, பார்த்துப் போணா, திரும்புற வண்டியிலயாவது டிக்கெட் எடு என்றான். கூட்டத்தில் நடந்து போனான். கதவைத் திறக்கப் போகிறான் என்பது தவிர எனக்கு வேறு ஒன்றும் தோன்றவில்லை.

விளம்பரக் கம்பெனிக்குப் போகாதே என்று நான் சொல்லப்போவதில்லை. போ என்று சொல்லிச் சொல்லியே நான் செய்த காரியம் போதும். எங்கே போனாலும் உனக்குச் சோறு போடுகிற வேலை நல்ல வேலைதான். ஆனால் சிரிப்பை வைத்ததுதான் தப்பு என்று நினைத்துக்கொண்டு போகாதே. சிரிப்பு இருக்கட்டும், என் சத்தம் உட்பட இருக்கட்டும். அதற்குப் பிறகு அவன் பேசியதை எடுத்ததுதான் தப்பு. இப்போது அவனை மொத்தமாக எடுத்துவிட்டால் இரண்டாவது தடவையாக அவன் வாயை மூடுகிறோம், இந்தத் தடவையும் நல்ல எண்ணத்தோடேயே. நீ இந்தத் தொழிலை விட்டால் அவனுக்கு அதனால் ஒரு லாபமும் இல்லை. எனக்கும் இல்லை. என்னைக் கேட்டால், ஒரு மூச்சு எங்கே முடிகிறது என்று மத்தியானம் பூரா உட்கார்ந்து பார்க்கிறவர்கள் இந்த ஊரில் உன்னைத் தவிர யாரும் இல்லை. நீ கேட்கவில்லை, கேட்காவிட்டாலும் சொல்லிவிட்டேன்.

இனிமேல் படம் போட்டால் லோகுவைக் கூட்டிக்கொண்டு வருவானா என்று அவனிடம் கேட்க எனக்குத் துணிச்சல் வரவில்லை. வராமலும் போகலாம். வந்து பார்த்தும் அவள் நம்பாமல் போகலாம். நாம் தாமதமாகத்தான் வந்திருக்கிறோம். கடந்துபோன அந்தச் சாயங்காலத்தைத் திரும்ப எடுக்க உன் மிஷினாலும் முடியாது என்று எனக்குத் தெரியும். இருந்தாலும் அந்தக் கதவோரத்தில் அவன் நிற்கிறான், சிரித்துக்கொண்டே சொல்கிறான், சொல்லிவிட்டு வெளியே பார்க்கிறான். பெண்டாட்டியிடம் காட்ட அவனுக்கு இருக்கிற ஒரே சந்தோஷ முகம் அது. உன் ரூமில், உன் மேஜை மேல் இருக்கிறது.

திங்கட்கிழமைக்கு முன்னால் அவனைப் பேச விடு, பாப்பா. முழுசாகப் பேசி முடிக்கட்டும்.

அப்பா